பிரேம்நாத் பொண்டாட்டி

ஸ்வீடன்காரர்கள் நம்மைவிடக் கெட்டிக்காரர்கள் என்று யாராவது சொன்னால், 1962 ஏப்ரல் முதலாம் திகதி அங்கே நடந்த கதையைச் சொல்லி வாயை அடைத்துவிடுங்கள். அந்த நாட்டில் அப்போது இருந்தது ஒரே ஒரு தொலைக்காட்சி நிலையம், அதுவும் கறுப்பு வெள்ளை. அன்றைக்கு ஷெல் ஸ்டென்சன் என்ற தொழில்நுட்ப நிபுணர் திரையில் வந்து உட்கார்ந்தார். பெண்கள் காலில் போடும் நைலோன் உறையை வெட்டிப் பெட்டியின் கண்ணாடிமேல் இழுத்து ஒட்டினால் படம் கலரில் தெரியும் என்று சொன்னார். முகத்தில் ஒரு சிரிப்பு இல்லை. ஒளி எப்படி வளையும் என்பதற்கு விளக்கம் வேறு. ஆயிரக்கணக்கான வீடுகளில் நல்ல நல்ல காலுறைகள் கிழிந்தன. நிஜமான கலர் ஒளிபரப்பு அங்கே வந்தது 1970இல்தான். அதையும் ஏப்ரல் முதலாம் திகதியன்றே தொடங்கினார்கள். எத்தனை பேர் நம்பினார்களோ!

இலங்கை மலைநாட்டில் எங்கள் வலப்பனைப் பக்கம் நடந்தது இதைவிடக் கேவலம். ஸ்வீடன்காரன் ஓசியில் ஏமாந்தான், நாங்கள் காசு கொடுத்து ஏமாந்தோம். எண்பதுகளில் கறுப்பு வெள்ளைப் பெட்டி வைத்திருந்தவர்களுக்கென்று ஒரு பிளாஸ்டிக் தாள் விற்பனைக்கு வந்தது. மேலே நீலம், நடுவில் ஒரு மாதிரி மஞ்சள், கீழே பச்சை. அதைக் கண்ணாடிமேல் ஒட்டிவிட்டால் வீட்டில் கலர் டீவி. வானமும் வயலும் வந்தால் பரவாயில்லை. கதாநாயகி கிட்டே வந்து முகத்தைக் காட்டினால்தான் வில்லங்கம். நெற்றி நீலம், மூக்கு மஞ்சள், தாடை பச்சை. எங்கள் ஆட்கள் அதற்கும் ஒரு சமாதானம் வைத்திருந்தார்கள்: சிங்களப் படத்துல மேக்கப்பு அப்பிடித்தான்.

அந்த நீல நெற்றிக்குச் சொந்தக்காரர் பெரும்பாலும் மாலினி பொன்சேகாவாகத்தான் இருப்பார். சிங்கள சினிமாவின் ராணி என்று கொழும்புப் பத்திரிகைகள் அவரை எழுதும். மேடையில் நடித்தார், படத்தில் நடித்தார், படம் இயக்கினார், டெலிநாடகம் இயக்கிய முதல் இலங்கைப் பெண் என்ற பேரும் வாங்கினார். அது போதாதென்று நாடாளுமன்றத்திலும் போய் உட்கார்ந்தார். இப்படிப்பட்ட வாழ்க்கையைக் கைகட்டி நின்று எழுதக் கொழும்பில் நிறையப் பேர் இருக்கிறார்கள். தேயிலைத் தோட்டத்து லயத்துக் காம்பராவில் இருந்து பார்த்தால் அது எப்படித் தெரிந்தது என்பதைத்தான் நான் எழுதப்போகிறேன். அங்கிருந்து பார்த்தால் எதுவும் நேராகத் தெரியாது. பாதி நேரம் ஏரியல் திரும்பியிருக்கும்.

மாலினி பிறந்தது 1947 ஏப்ரல் 30, களனி ஆற்றங்கரையில் பேலியகொடையில். அடுத்த வருஷம் எங்கள் ஆட்களின், அதாவது தோட்டத் தமிழரின், குடியுரிமையைப் பிடுங்கிச் சட்டம் போட்டார்கள். இரண்டுக்கும் ஒரு சம்பந்தமும் இல்லைதான். ஆனால் மலைநாட்டில் எந்த வருஷத்தைச் சொன்னாலும் ஆட்களுக்கு ஒரு சட்டமோ ஒப்பந்தமோதான் ஞாபகத்துக்கு வரும். மற்றவர்கள் பிள்ளை பிறந்ததை வைத்துக் கணக்குப் பார்ப்பார்கள், நாங்கள் வர்த்தமானியை வைத்துப் பார்ப்போம். அதனால் இந்த அம்மாவின் வரலாற்றையும் அந்தக் கணக்கிலேயே சொல்லிவிடுகிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

பதினாறு வயதில், 1963இல், ‘நோரத்த ரத்த’ என்ற நாடகத்தில் மேடை ஏறினார். அவர் வசனம் மனப்பாடம் பண்ணிக்கொண்டிருந்த காலத்தில் டில்லியில் இரண்டு பிரதமர்கள் எங்களை வைத்து ஒரு நாடகம் போட்டார்கள். 1964 ஒக்டோபரில் கையெழுத்தான சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தம். 5,25,000 பேர் இந்தியாவுக்கு, 3,00,000 பேர் இலங்கைக்கு. மிச்சம் 1,50,000 பேரைப் பிறகு பார்த்துக்கொள்வோம் என்று அப்படியே விட்டுவிட்டார்கள். பத்து வருஷம் கழித்து அந்த மிச்சத்தையும் பாதிப் பாதியாகப் பிரித்துக்கொண்டார்கள். நடிகர்கள் யார் யார் என்று முடிவாவதற்கு முன்பே டிக்கெட் விற்றுவிட்ட நாடகம் உலகத்தில் அது ஒன்றாகத்தான் இருக்கும்.

1968இல் மாலினியின் முதல் படம், திஸ்ஸ லியனசூரிய எடுத்த ‘புஞ்சி பபா’. அதைப் பற்றிச் சொல்ல என்னிடம் அதிகம் இல்லை, எங்கள் தோட்டத்துப் பக்கம் அது எட்டிப்பார்க்கவே இல்லை. சொல்ல வேண்டியது பிறகு வந்த ‘நிதானய’. லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸ் எடுத்து 1972இல் வந்தது. இலங்கை சினிமாவுக்கு ஐம்பது வருஷம் ஆனபோது, 1997இல், அதுவரை வந்ததிலேயே சிறந்த படம் என்று தேர்ந்தெடுத்தார்கள். கதை இதுதான். ஒரு பெரிய வீட்டு மனுஷருக்குப் புதையல் ஆசை. அதை எடுக்க, கழுத்தில் நான்கு மச்சம் உள்ள கன்னிப்பெண்ணைப் பலி கொடுக்க வேண்டும். தேடுகிறார். கழுத்தில் மச்சத்தோடு மாலினி கிடைக்கிறார். கல்யாணம் கட்டி, கூடவே குடும்பமும் நடத்தி, கடைசியில் பலியும் கொடுத்துவிடுகிறார். இது உலகத்தரமான படம் என்பதில் எனக்குச் சந்தேகமே இல்லை. ஆனால் அதைப் பார்த்து எங்கள் கிழடுகட்டைகள் கேட்ட கேள்வி வேறு. கணவனாக நடித்தவர் காமினி பொன்சேகா, மனைவி மாலினி பொன்சேகா. அண்ணனும் தங்கச்சியும் இப்பிடி புருசன் பொண்டாட்டியா நடிக்கலாமா? இருவருக்கும் பரம்பரைப் பேர் ஒன்றே தவிர உறவு ஒன்றும் கிடையாது என்று எத்தனை தரம் சொன்னாலும் நம்பவில்லை. “பேரு ஒன்னா இருந்தா பங்காளிதான்” என்று தீர்ப்புச் சொல்லிவிட்டார்கள். மேன்முறையீடு இல்லை.

1975இல் மாஸ்கோ திரைப்பட விழாவில் மாலினிக்கு விருது. 1977இல் புதுடில்லியில் இன்னொன்று. அந்த 1975இல்தான் வெள்ளைக்காரக் கம்பனித் தோட்டங்களையெல்லாம் அரசாங்கம் எடுத்துக்கொண்டது. வெள்ளைக்காரத் துரை போனார், நம்மூர்த் துரை வந்தார், பங்களா நாய் மட்டும் மாறவில்லை. அதற்கு முந்தின இரண்டு வருஷம் தோட்டங்களில் பஞ்சம். அந்தக் கதையைச் சிரித்துக்கொண்டு எழுத எனக்கு வராது, அதனால் தாண்டிப் போகிறேன்.

அதே 1975இல் எங்களுக்கும் ஒரு கதாநாயகன் கிடைத்தார். வி. பி. கணேசன், தொழிற்சங்கக்காரர். மற்ற ஊரில் நடிகன் தலைவனாவான். எங்கள் ஊரில் தலைவர் நடிகரானார். காலையில் ஆள் கணக்கெடுக்கும் பிரட்டுக்களத்தில் பேசிப் பழகிய தொண்டைக்கு மைக்கே தேவையில்லை என்று நினைத்தாரோ என்னவோ, சொந்தமாகவே படம் தயாரித்து நடித்தார். ‘புதிய காற்று’. எழுத்தில் தெளிவத்தை ஜோசப்பின் கை இருந்தது, இயக்கம் எஸ். வி. சந்திரன். பிறகு ‘நான் உங்கள் தோழன்’, ‘நாடு போற்ற வாழ்க’. கொழுந்துக் கூடை முதன்முதலாகத் திரையில் தெரிந்தபோது, வில்லன் வந்ததுகூடத் தெரியாமல் கூடையின் பின்னலைப் பற்றி விமர்சனம் பண்ணிக்கொண்டிருந்தார்களாம் எங்கள் பெண்கள். சந்தா கட்டிவரும் சங்கத்தின் தலைவரைத் திரையில் பார்க்கவும் டிக்கெட் எடுக்க வேண்டியிருக்கிறதே என்று சிலர் முணுமுணுத்ததாகவும் கேள்வி.

இனி 1978. இந்தக் கதையே இந்த வருஷத்துக்காகத்தான். அந்தத் தீபாவளிக்கு ‘பைலட் பிரேம்நாத்’ வந்தது. சிவாஜி கணேசன் விமானி. அவருடைய மனைவி மாலினி பொன்சேகா. ஏ. சி. திருலோகசந்தர் இயக்கம், எம். எஸ். விஸ்வநாதன் இசை. படத்தின் பெரும்பகுதி இலங்கையில் எடுத்தது. இந்திய–இலங்கைக் கூட்டுத் தயாரிப்பு என்று போஸ்டரில் பெருமையாகப் போட்டுக்கொண்டார்கள். அதைப் பார்த்து எங்களுக்குச் சிரிப்புத்தான் வந்தது. கோப்பிக் காலத்தில் இருந்து நாங்கள் யார்? நாங்களும் இந்திய–இலங்கைக் கூட்டுத் தயாரிப்புத்தான். ஆள் அங்கே இருந்து, மலை இங்கே இருந்து, லாபம் மட்டும் லண்டனுக்கு.

படத்தில் சிவாஜி இரண்டு நாட்டுக்கும் நடுவே சும்மா ஜாலியாகப் பறப்பார். அந்த வருஷம் ஒப்பந்தப்படி எங்கள் ஆட்களும் அதே இரண்டு நாட்டுக்கு நடுவில் போய்க்கொண்டுதான் இருந்தார்கள், தலைமன்னாரில் கப்பல் ஏறி, தகரப் பெட்டியும் அம்மிக்கல்லுமாக. படம் பார்க்க டவுனுக்குப் போன குடும்பம் ஒன்று திரும்பி வரும்போது வாசலில் பாஸ்போர்ட் காத்திருந்தது என்று எங்கள் பக்கம் ஒரு கதை உண்டு. உண்மையோ பொய்யோ, அப்படி நடக்கக்கூடிய வருஷம்தான் அது.

கதைக்கு வருகிறேன். பிரேம்நாத்தின் மனைவி செத்துப்போகிறாள். அவள் எழுதிவைத்த கடிதம் ஒன்று அவர் கைக்குக் கிடைக்கிறது. மூன்று பிள்ளைகளில் ஒன்று உங்களுடையது இல்லை என்று அதில் இருக்கிறது. எது என்று சொல்லவில்லை. அவ்வளவுதான், மிச்சப் படம் முழுக்க சிவாஜியின் கன்னம் துடிக்கும். தியேட்டரில் துடித்தது கன்னம் மட்டுமா? தோட்டமே துடித்தது. மலையில் கொழுந்து எடுக்கும்போது அதே பேச்சு, ஸ்டோரில் அதே பேச்சு. மூத்தவனா, இளையவனா, மகளா? மாதர் சங்கத் தலைவி ஒரு பக்கம், கிளாக்கரையா ஒரு பக்கம். படத்தைப் பார்க்காத கணக்கப்பிள்ளைதான் எல்லாரையும்விட உறுதியாகப் பேசினார். மாலினி பொன்சேகா என்ற பெயர் யாருக்கும் மனதில் நிற்கவில்லை. “பிரேம்நாத் பொண்டாட்டி” என்றுதான் சொன்னார்கள். அன்றோடு அந்த அம்மாவுக்கு மலைநாட்டில் பெயர்வைப்பு முடிந்தது. மாஸ்கோ, புதுடில்லி, லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸ் எல்லாம் அந்தப் பெயருக்கு முன்னால் நிற்கவே முடியவில்லை.

இங்கே ஒன்றைக் கவனிக்க வேண்டும். லெஸ்டர் அவரைப் பலி கொடுத்தார். திருலோகசந்தர் அவரைக் கடிதம் எழுதவைத்துச் சாகடித்தார். நல்ல நடிகை கிடைத்தால் ஆண் இயக்குநர்களுக்கு முதலில் தோன்றுவது அவரை எப்படிக் கொல்லலாம் என்பதுதான் போலிருக்கிறது. இப்படிச் செத்துச் செத்து அலுத்துப்போன ஒருத்தி, ஒரு நாள் கேமராவுக்குப் பின்னால் போய் நின்றுகொண்டால் அதில் ஆச்சரியப்பட என்ன இருக்கிறது? உயிரோடு இருக்க அதைவிடப் பத்திரமான இடம் சினிமாவில் கிடையாது.

1984இல் ‘சசர சேதனா’ என்று ஒரு படத்தை இயக்கினார். பிறகு 1987இல் ‘அஹிம்சா’, 1991இல் ‘ஸ்த்ரீ’. ஆனால் அந்தக் காலத்தில் இலங்கையில் படம் எடுப்பது ஒன்று, அது தியேட்டருக்கு வருவது இன்னொன்று. 1972இல் உண்டான அரச திரைப்படக் கூட்டுத்தாபனத்தில் படங்களுக்கு ஒரு வரிசை இருந்தது. எடுத்த படம் அந்த வரிசையில் காத்துக்கிடக்க வேண்டியிருந்தது. குழந்தை நட்சத்திரமாக நடித்த பையன், படம் வெளிவரும்போது மீசை முறுக்கிக்கொண்டு முதல் காட்சிக்கு வந்து நிற்பான். நாங்கள் பிரஜாவுரிமைக்கு நின்றோம், அவர்கள் தியேட்டருக்கு நின்றார்கள். வரிசை விஷயத்தில் இந்த நாட்டில் இனபேதம் பார்த்ததில்லை.

அதற்கு மேல் 1983 ஜூலைக் கலவரம். தமிழர் வீடுகளோடு தமிழர் வைத்திருந்த தியேட்டர்களும் எரிந்தன. ஹெந்தளையில் கே. குணரத்தினத்தின் விஜயா ஸ்டூடியோவும் எரிந்தது. எரித்தவர்கள் தமிழனுடைய சொத்து என்றுதான் எரித்தார்கள். உள்ளே சாம்பலானது சிங்களப் படங்களின் நெகட்டிவ். சிங்களப் படங்கள் இயக்கிய கே. வெங்கட் என்ற தமிழர் அந்த நாட்களில் கொல்லப்பட்டார். தன் மூக்கை அறுத்துக்கொண்டாலும் பரவாயில்லை, பக்கத்து வீட்டானுக்குச் சகுனம் கெட வேண்டும் என்பார்கள். இங்கே மூக்கும் போனது, சகுனமும் கெட்டது.

தியேட்டருக்குப் போக மனுஷருக்குப் பயம். 1987 முதல் 1989 வரை தெற்கில் ஜே.வி.பி. கிளர்ச்சிக்காரரின் கடையடைப்பும் அரசாங்கத்தின் ஊரடங்கும் மாறி மாறி வந்தன. ஆறு மணிக்கு மேல் வெளியே போகிறவன் ஒன்று அவசரக்காரன், இல்லையென்றால் சுடப்படப்போகிறவன். எல்லாரும் வீட்டுக்குள். வீட்டுக்குள் இருந்தது டீவிப் பெட்டி. ஸ்வீடனில் இயக்குநர் பெர்க்மன் 1973இல் ‘ஒரு திருமண வாழ்வின் காட்சிகள்’ என்று ஆறு பகுதித் தொடர் எடுத்தபோது தெருவெல்லாம் வெறிச்சோடியதாகச் சொல்வார்கள். நம் ஊரில் தெருவை முதலில் வெறிச்சோட வைத்துவிட்டுத்தான் தொடரையே போட்டார்கள்.

டீவி இங்கே வந்த கதையே ஒரு கூத்து. 1979 ஏப்ரல் 13, சித்திரைப் புத்தாண்டுக்கு முந்தின நாள், ஐ.டி.என். என்ற தனியார் நிலையம் கொழும்புப் பக்கம் பன்னிப்பிட்டியவில் தொடங்கியது. ஜூன் மாதம் அரசாங்கம் எடுத்துக்கொண்டது. பலகாரம் ஆறுவதற்குள் அரசுடைமை. அந்த வருஷமே டி. பி. நிஹால்சிங்க ‘திமுத்து முத்து’ எடுத்தார், இலங்கையின் முதல் டெலிநாடகம். 1982 பெப்ரவரி 15இல் அரச தொலைக்காட்சியான ரூபவாஹினி வந்தது, ஜப்பான்காரர் கொடுத்த உதவியில். வெறும் ஸ்டூடியோ இருந்தால் போதுமா? நாடு முழுக்கப் படம் போக வேண்டுமே. எங்கே கோபுரம் நடலாம் என்று தேடினார்கள். நாட்டிலேயே உயரமான மலை பீதுருதலாகலை, 2,524 மீட்டர். நுவரெலியாவுக்கு மேலே, எங்களுக்குப் பின்னால். அங்கே நட்டார்கள்.

ஆக, நாட்டுக்கே வெளிச்சம் கொடுக்கும் கோபுரம் எங்கள் தலைக்குமேல். கீழே எங்கள் லயங்களில் முக்கால்வாசிக்குக் கரண்ட் கிடையாது. காலியில் படம் தெரியும், குருநாகலில் தெரியும். மலையடிவாரத்துப் பள்ளத்தில் இருந்த லயத்துக்காரன் மட்டும் குப்பி விளக்கைப் பிடித்துக்கொண்டு, ராத்திரி மலையுச்சியில் எரியும் சிவப்பு லைட்டைப் பார்த்துக்கொண்டிருந்தான். அதையே ஒரு நிகழ்ச்சியாக நினைத்துக்கொண்டால் உண்டு. ஒரே காட்சி, தினமும் மறு ஒளிபரப்பு.

ஆனால் தோட்டத்து ஆள் லேசில் விடமாட்டான். கார் பேட்டரி வந்தது. தீபாவளி அட்வான்சிலோ சீட்டுக் காசிலோ லயத்துக்கு ஒரு வீட்டில் சின்னப் பெட்டி ஒன்று முளைக்கும். பேட்டரியைச் சாக்கில் கட்டித் தோளில் வைத்து டவுன் கடைக்குக் கொண்டுபோய் சார்ஜ் ஏற்றி, மறுபடி மலையேற வேண்டும். வழியில் ஆசிட் சிந்திச் சாரம் ஓட்டையானவர்களைப் பார்த்தாலே தெரியும், இவர் வீட்டில் டீவி இருக்கிறது. அதனால் அந்த ஓட்டைக்கும் ஒரு கௌரவம். பத்துக்குப் பன்னிரண்டு அடி காம்பராவுக்குள் இருபது முப்பது பேர். பையன்கள் இஸ்தோப்பில் நின்று ஜன்னல் வழியாக. கூரைமேல் ஒருத்தன் ஏரியலைப் பிடித்துக்கொண்டு.

“தெரியுதாடா?”

“தெரியுது மாமா, அப்பிடியே நில்லுங்க!”

அவர் அப்படியே நிற்பார், மழையானாலும் பனியானாலும். கதாநாயகியின் கல்யாணம் முடியும்வரை கூரையில் நின்ற தியாகிகள் உண்டு. இவர்களுக்கு எந்த அரசாங்கமும் கலைஞர் விருது கொடுக்கவில்லை.

பேட்டரிக்கு ஒரு குணம். செய்தியும் விளம்பரமும் ஓடும்வரை திடமாக இருக்கும். கதையில் மாப்பிள்ளை வீட்டுக்கு உண்மை தெரியப்போகிற நேரத்தில் படம் நாலு பக்கமும் சுருங்கி, நடுவில் ஒரு தீப்பெட்டி அளவுக்கு வந்து, அணைந்துவிடும். மிச்சத்தை அடுத்த நாள் மலையில் ஆளாளுக்கு ஒவ்வொரு மாதிரி முடித்துவைப்பார்கள். சிங்களம் நன்றாகத் தெரிந்தவர் ஒரு முடிவு சொல்வார், அரைகுறையாகத் தெரிந்தவர் அதைவிட நல்ல முடிவு சொல்வார். அந்தக் காலத்து டெலிநாடகம் வேறு ரொம்ப நிதானம். ஒருத்தி குடத்தை எடுப்பாள், குளத்துக்கு நடப்பாள், தண்ணியைப் பார்ப்பாள், திரும்பி நடப்பாள், அரை மணித்தியாலம் முடிந்துவிடும். “இவ எப்பதான் தண்ணி மோந்துகிட்டு வீடு சேர்றது, நமக்குப் பேரு வெட்டிருவாங்க!” என்று, பேர் வெட்டினால் அன்றைய சம்பளம் போகும் என்று தெரிந்த எங்கள் பெண்கள் பதறுவார்கள்.

இந்தப் பெட்டிக்குள்தான் மாலினி இயக்குநராக வந்தார். எண்பதுகளில் ‘நிருபமாலா’ என்ற தொடர். இலங்கையில் டெலிநாடகம் இயக்கிய முதல் பெண் என்று அதனால்தான் அவரைச் சொல்கிறார்கள். சினிமாவில் ராணியாக இருந்தவர் ஏன் இந்தச் சின்னப் பெட்டிக்கு இறங்க வேண்டும் என்று அப்போது சிலர் கேட்டிருப்பார்கள். என் கணக்கில் அது இறக்கமே இல்லை. தியேட்டர் எரியும், வரிசை நகராது, ஊரடங்கு போடுவார்கள். பெட்டிக்கு அந்தத் தொல்லை எதுவும் கிடையாது. படம் மாதிரியே ஒரு கேமராவை வைத்து, யாருடைய வீட்டிலோ எடுத்து, டேப்பைக் கொண்டுபோய்க் கொடுத்தால், மலையுச்சியில் இருந்து ஒரே ராத்திரியில் நாடு முழுக்கப் போய்ச் சேர்ந்துவிடும். பொழைக்கத் தெரிந்த பெண். தமிழ்நாட்டுப் பக்கத்தில் சுகாசினி இதையே செய்தார். சினிமாவில் தேசிய விருது வாங்கிய நடிகை 1991இல் தூர்தர்ஷனுக்கு ‘பெண்’ என்று எட்டுக் கதைகளை இயக்கினார், திரைப்படம் இயக்கியது அதற்குப் பிறகுதான். மாலினி முதலில் படம், பிறகு பெட்டி. சுகாசினி முதலில் பெட்டி, பிறகு படம். பின்னால் யார் வந்தாலும் முன்னால் யார் வந்தாலும் அதே ஆண்கள் வாசலில் நின்று, “உங்களால முடியுமா அம்மா?” என்று கேட்டிருப்பார்கள் என்பது மட்டும் நிச்சயம்.

எங்கள் ஆட்கள் அந்தச் செய்தியை எப்படி எடுத்துக்கொண்டார்கள் என்பதுதான் வேடிக்கை. தோட்டத்தில் கொழுந்து எடுப்பது பெண், நிறுப்பது ஆண். மலையில் நிற்பது பெண், பின்னால் நின்று சத்தம் போடுவது கங்காணி. பாட்டன் காலத்தில் இருந்து அதுதான் முறை. நம்ம பிரேம்நாத் பொண்டாட்டியே இப்ப நாடகத்தை நடத்துதாம், எல்லாருக்கும் அதுதான் சொல்லிக் கொடுக்குதாம் என்று கேள்விப்பட்டதும் நிரையில் நின்ற ஒரு அக்கா சொன்னாராம்: “அப்ப அது பொம்பளக் கங்காணின்னு சொல்லு.” டைரக்டர் என்ற உத்தியோகத்துக்கு இதைவிடச் சரியான விளக்கத்தை நான் எந்தத் திரைப்படக் கல்லூரிப் பாடத்திலும் பார்த்ததில்லை. அதைக் கேட்டுக்கொண்டிருந்த நிஜக் கங்காணிக்கு அன்றைக்கு முழுக்க முகம் சரியில்லை என்பதும் கதையின் ஒரு பகுதி.

நாடாளுமன்றக் கதையையும் சொல்லிவிடுகிறேன். 2010இல் மாலினி தேசியப்பட்டியலில் எம்.பி. ஆனார், 2015 வரை இருந்தார். தேசியப்பட்டியல் என்றால் வாக்குக் கேட்டு வாசல் வாசலாக அலைய வேண்டாம், கட்சி பேரைக் கொடுத்தால் போதும். இங்கே எனக்கு ஒரு கோட்பாடு உண்டு. சிவாஜியோடு ஜோடி சேர்ந்த சிங்கள நடிகைக்கு ஜாதகத்தில் நாடாளுமன்ற யோகம் நிச்சயம். ஒருத்தர் மாலினி. இன்னொருத்தர் ஸ்ரீதரின் ‘மோகனப் புன்னகை’யில் நடித்த கீதா குமாரசிங்க. 2015இல் காலியில் போட்டியிட்டு வாக்கு வாங்கியே ஜெயித்தார். பிறகு சுவிட்சர்லாந்துக் குடியுரிமையும் வைத்திருக்கிறார் என்று 2017இல் நீதிமன்றம் பதவியைப் பறித்தது. எங்கள் ஆட்களுக்கு அது கொஞ்சம் குழப்பம். ஒரு நாட்டுக் குடியுரிமைகூட இல்லாமல் நாற்பது வருஷம் இருந்த சனத்துக்கு, இரண்டு நாட்டுக் குடியுரிமை இருந்ததால் ஒருவருக்குப் பதவி போனது என்றால் எப்படிப் புரியும்? ஒன்னைய இங்கிட்டு குடுத்திருக்கலாமே என்றுதான் கேட்டார்கள். அவர் 2020இல் மறுபடி ஜெயித்து வந்தார்.

யோகத்தை வழங்கிய சிவாஜிக்கு மட்டும் அந்த யோகம் பாதிதான் பலித்தது. 1982இல் ராஜ்யசபாவுக்கு நியமனம், வாக்கு வேண்டாம். பிறகு சொந்தக் கட்சி தொடங்கி, 1989இல் திருவையாற்றில் நின்று வாக்குக் கேட்டார். தோற்றார். உலகத்தையே அழவைத்த மனுஷனுக்கு ஒரு தொகுதியைச் சிரிக்கவைக்கத் தெரியவில்லை. நிதானயவில் மாலினியைப் பலி கொடுத்த காமினி பொன்சேகா அதே 1989இல் பிரதி சபாநாயகர், பிறகு வடகிழக்கு மாகாண ஆளுநர். எங்கள் வி. பி. கணேசனின் பிள்ளைகள் எம்.பி.க்கள் ஆனார்கள், மகன் மனோ கணேசன் அமைச்சராகவும் இருந்தார். மாலினியோடு எத்தனையோ படத்தில் ஜோடியாக நடித்த விஜய குமாரதுங்கவும் கட்சி தொடங்கினார். 1988 பெப்ரவரியில் அவரை வீட்டு வாசலில் வைத்துச் சுட்டுவிட்டார்கள். தமிழரோடு பேசித் தீர்க்கலாம் என்று சொன்ன ஆள். அவருக்கு மட்டும் என் கோட்பாட்டில் இடமில்லை, கேலியிலும் இடமில்லை.

நாடாளுமன்றத்துக்குப் போவதற்கு இரண்டு வருஷம் முன்பு, 2008இல், மாலினி ஒரு படம் நடித்தார். பிரசன்ன விதானகேயின் ‘ஆகாச குசும்’. அதில் அவர் ஒரு காலத்து நட்சத்திரம், இப்போது யாருக்கும் ஞாபகமில்லாத கிழவி. செலவுக்குக் காசில்லாமல், இந்தக் காலத்துச் சினிமா, டீவி நட்சத்திரங்கள் ரகசியமாகக் கூடிக்கொள்ள வீட்டில் ஒரு அறையை வாடகைக்கு விடுகிறார். இவ்வளவு பெரிய நடிகை தன்னை மறந்துபோன உலகத்தைப் பற்றி இவ்வளவு துணிச்சலாக நடித்தது எனக்கு அவருடைய எல்லாப் படத்தையும்விடப் பிடிக்கும். நடித்து முடித்ததும் உலகம் அதைப் பொய்யாக்கிவிட்டது. 2010இல் ஆசியாவின் சிறந்த இருபத்தைந்து நடிகர்கள் என்று சி.என்.என். போட்ட பட்டியலில் அவர் பெயர். அதே வருஷம் எம்.பி. பதவி. மறக்கப்பட்டவளாக நடித்ததற்கே இவ்வளவு என்றால், நிஜமாகவே மறக்கப்பட்ட எத்தனையோ நடிகைகளுக்கு என்ன கிடைத்தது என்று கேட்கலாம். கேட்டால் பதில் சொல்ல ஆள் இல்லை.

இப்போது எங்கள் லயங்களில் கரண்ட் வந்துவிட்டது. ஒவ்வொரு கூரையிலும் ஒரு டிஷ். கூரைத் தகரம் ஒழுகும், டிஷ் ஒழுகாது. சென்னை சீரியலில் மாமியாரும் மருமகளும் அடித்துக்கொள்வதைப் பார்த்துக் கிழவிகள் விக்ஸ் தடவிக்கொண்டு அழுகிறார்கள். பீதுரு மலைக் கோபுரம் பாட்டுக்கு ஒளிபரப்பிக்கொண்டிருக்கிறது.

2025 மே 24இல் மாலினி பொன்சேகா இறந்தார், எழுபத்தெட்டு வயதில். அரச மரியாதையோடு இறுதிச் சடங்கு. எல்லா டீவியிலும் அவரைத்தான் காட்டினார்கள். பேலியகொடை, புஞ்சி பபா, மாஸ்கோ, முதல் பெண் டெலிநாடக இயக்குநர், எல்லாவற்றையும் வரிசையாகச் சொன்னார்கள். வலப்பனைப் பக்கம் ஒரு லயத்தில் கொள்ளுப்பேத்தி சத்தத்தைக் கூட்டி வைத்துவிட்டு, “அம்மாயி, இந்தாளு யாருன்னு தெரியுதா?” என்று கேட்டாள். கிழவி கண்ணைச் சுருக்கிப் பார்த்தார்.

“பிரேம்நாத் பொண்டாட்டில்ல?”

“ஆமா, செத்துப்போச்சாம்.”

“அடி போடி இவளே,” என்றார் கிழவி, “அவ அன்னைக்கே செத்துட்டா. நான் டவுனுக்குப் போயி கண்ணால பாத்தேன்ல.”